படக்கார அக்கா பொய் சொல்லவில்லை

தையல் இயந்திரத்தை மிதித்துக்கொண்டே நம் குடியிருப்போர் சங்கத்தையும் நடத்திவரும், இன்று இந்த இரங்கல் கூட்டத்துக்குத் தலைமை ஏற்றிருக்கும் தையல்காரம்மா அவர்களே! மேடையில் அமர்ந்திருக்கும் வழக்கறிஞர் அம்மா அவர்களே! தமக்கையைப் பறிகொடுத்துவிட்டு உட்கார்ந்திருக்கும் தம்பி அவர்களே! எதிரே அமர்ந்திருக்கும் நாற்பத்தாறு பேரே! இருநூறு நாற்காலி போட்டும் வராமல் வீட்டிலேயே இருந்துவிட்ட மற்றவர்களே! உங்கள் எல்லோருக்கும் என் வணக்கம்.

வராதவர்களுக்கு எதற்கு வணக்கம் என்று சிலர் திரும்பிப் பார்க்கிறீர்கள். நான் பேச வந்ததே அவர்களிடம்தான். உங்கள் வழியாகத்தான் அவர்களிடம் பேச முடியும் என்ற நிலைமைக்கு வந்திருக்கிறேன்.

நான் மேடைப் பேச்சாளன் இல்லை. நாம் இழந்தவர் ஓவியர், ஆவணப்பட இயக்குநர், நம் எல்லோருக்கும் படக்கார அக்கா. அந்த அம்மையாரிடம் பதினேழு வருடம் ஒலிப்பதிவாளனாக இருந்தவன். இங்கே என்னைச் ‘சத்தக்காரர்’ என்பீர்கள்; அக்காவுக்கு நான் வெறும் ‘சத்தம்’. பெயர்தான் அப்படி, என் தொழிலே வாயை மூடிக்கொண்டு இருப்பதும், மற்றவர் வாயை மூடவைப்பதும்தான். சற்று முன் ஒரு நிமிடம் மௌனம் காத்தோமே, தொழில்புத்தி விடவில்லை, கைக்கடிகாரத்தைப் பார்த்துவிட்டேன். முப்பத்தெட்டு வினாடி. அக்கா இருந்திருந்தால், “இது செல்லாது, இன்னொரு தடவை” என்று எல்லோரையும் எழுப்பி நிற்கவைத்திருப்பார்.

அவர் வழக்கம் உங்களுக்குத் தெரியும். எந்த வீட்டில் பேட்டி முடிந்தாலும் கேமராவை உடனே எடுத்து வைக்க மாட்டார். “எல்லாரும் ஒரு நிமிஷம் அப்படியே இருங்க, சத்தம் உங்க வீட்டு அமைதியைப் பிடிக்கணும்” என்பார். மின்விசிறி சுற்றும், குழாய் சொட்டும், நீங்கள் ஒருவரையொருவர் பார்த்துச் சிரிப்பை அடக்குவீர்கள். அந்த ஒரு நிமிடத்தில், இந்தக் குடியிருப்பில் நாங்கள் போன நூற்றுப் பன்னிரண்டு வீட்டிலும், ஏதோ ஓர் அறையிலிருந்து ஒரு குழந்தை இருமும். என் ஹெட்போனில் அந்த இருமல்தான் முன்னால் வந்து நிற்கும்.

பழைய பேட்டரிகளை உடைத்து ஈயம் உருக்கும் ஆலை நம் மதில் சுவருக்கு அந்தப் பக்கம் இருக்கிறது. மழலையர் பள்ளியில் முப்பத்தொரு குழந்தைகள் படிக்கிறார்கள். இருபத்தாறு பேரின் இரத்தத்தில் ஈயம். இப்போது ஆலைக்கு இரண்டாவது உலை வேண்டுமாம்! வியாழக்கிழமை காலை பத்து மணிக்கு அதற்கான கருத்துக்கேட்புக் கூட்டம். இன்று திங்கள்.

அக்காவின் படத்துக்கு இடப்பக்கம் பாருங்கள். இருப்பதிலேயே பெரிய மலர்வளையம் அதுதான். யார் அனுப்பியது? ஆலை நிர்வாகம்! உயிரோடு இருந்தவரை ஒரு நாற்காலி போட்டு உட்காரச் சொல்லாதவர்கள், இறந்த பிறகு இரண்டு ஆள் உயரத்துக்குப் பூ அனுப்பியிருக்கிறார்கள். ஆட்களையும் அனுப்பியிருக்கிறார்கள். மூன்றாவது வரிசையில் போனை நீட்டிப் பிடித்திருக்கும் நண்பர்களே, அங்கிருந்து பதிவு செய்தால் எதிரொலிதான் விழும். முன்னால் வந்து உட்காருங்கள். இன்று நான் சொல்லப்போவது உங்களுக்கும் தெளிவாகக் கேட்கட்டும்.

அக்கா யார்? ஓவியர். ஆனால் அவருடைய மிகப் பெரிய ஓவியத்தில் தூரிகையே படவில்லை. மூன்று வருடத்துக்கு முன் இங்கே முதல்முறை வந்தபோது அவர் கையில் கேமரா இல்லை; கட்டுக் கட்டாக வெள்ளைக் கைக்குட்டை இருந்தது. மாதம் பிறந்தால் முதல் தேதி ஒவ்வொரு வீட்டு ஜன்னல் திட்டையும் ஒரு சாண் அளவுக்குத் துடைப்பார். துடைத்த துணியில் கதவு எண்ணையும் தேதியையும் தையல்காரம்மா நூலில் பின்னிக் கொடுப்பார். ஒரு வருடத் துணியையும் ஒரு பெரிய மண்டபத்தில் கயிறு கட்டி வரிசையாகத் தொங்கவிட்டார். திறந்துவைக்க வந்த அதிகாரி சுற்றுமுற்றும் பார்த்துவிட்டு, “ஓவியக் கண்காட்சின்னு சொன்னாங்களே, ஓவியம் எங்கேம்மா?” என்றார்.

“இதுதாங்க. நான் வரையல. ஆலை வரைஞ்சு குடுத்தது” என்றார் அக்கா. அந்த அதிகாரி அதன்பிறகு தேநீர்கூடக் குடிக்காமல் கிளம்பிவிட்டார்.

இதோ இருக்கிறாரே தம்பி, இவர் செய்த காரியத்தையும் சொல்லவேண்டும். கண்காட்சிக்கு இரண்டு நாள் முன்பு வீட்டில் ஒரு பை நிறைய அழுக்குக் கைக்குட்டை கிடப்பதைப் பார்த்திருக்கிறார். அக்காவுக்கு வேலை அதிகம், பாவம் என்று பதினொரு கைக்குட்டையைச் சோப்புப் போட்டுத் துவைத்து, இஸ்திரியும் போட்டு மடித்து வைத்துவிட்டார்! “அழுக்கா இருந்துச்சுக்கா, அதான்…” என்று இவர் நின்ற கோலம் இன்னும் என் கண்ணில் இருக்கிறது. அக்கா தரையில் உட்கார்ந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். பிறகு அந்தப் பதினொன்றையும் தனிக் கயிற்றில் மாட்டி, ‘இவை என் தம்பி துவைத்தவை’ என்று சீட்டு எழுதி ஒட்டினார். வந்தவர்கள் அந்தப் பதினொரு துணிக்கு முன்னால்தான் அதிக நேரம் நின்றார்கள். துணியின் உண்மையான நிறம் என்ன என்பது அங்கே போனால்தான் தெரிந்தது.

தம்பி அவர்களே, நீங்கள் சிரிக்கிறீர்கள். நன்றி. இனி நான் சொல்லப்போவதைக் கேட்டால் என்னைப் பார்த்துச் சிரிக்க மாட்டீர்கள்.

அக்காவிடம் ஒரு விதி இருந்தது. எடுத்த படத்தை வேறு எவருக்கும் காட்டுமுன் எடுக்கப்பட்டவர்களுக்குக் காட்டவேண்டும். இதே கூடத்தில்தான், அந்தந்த வீட்டாருக்கு அவரவர் பேசியதைத் தனியாகக் காட்டுவோம். ஜன்னல்களைச் சாக்கால் மூடிவிட்டு, அந்தச் சுவரில் வெள்ளைத் துணி கட்டுவோம். முடிந்ததும் அக்கா வாசலில் ஒரு நோட்டுப் புத்தகத்தோடு உட்கார்ந்துகொள்வார். யார் வேண்டுமானாலும் வந்து “என்னைப் படத்துலேர்ந்து எடுத்துடுங்க” என்று சொல்லலாம். ஏன் என்று கேட்கமாட்டார். ஒரு முறையாவது கேட்டிருக்கிறாரா? சொல்லுங்கள்! ஒருவர் தம் தொப்பை தெரிகிறது என்று எடுக்கச் சொன்னார். அந்தக் காட்சிக்காக வெயிலில் நான்கு மணி நேரம் மைக்கைத் தூக்கிப் பிடித்து என் தோள்பட்டை கழன்றே போனது. நான் முறைத்தேன். அக்கா குறித்துக்கொண்டு, “எடுத்துடறேன் சார். நல்லாத்தான் இருந்தீங்க, ஆனாலும் எடுத்துடறேன்” என்றார். எடுத்தும்விட்டார்.

எடுப்பது என்றால் கண்ணெதிரே எடுப்பது. எடிட்டிங் அறை டயர்க் கடை மாடியில் இருக்கிறது. இரண்டு நாற்காலி, ஒரு மேசை, வெளிச்சத்தம் வராமலிருக்கச் சுவரெல்லாம் கம்பளி. கேட்டவரை அங்கே கூட்டிப்போய் நாற்காலியில் உட்காரவைத்து, எல்லா ஹார்ட் டிஸ்கிலிருந்தும் அழித்துக் காட்டி, “பார்த்துக்கிட்டீங்களா?” என்று கேட்டு அனுப்புவார். அந்த ஒரு விதியை நம்பித்தான் நூற்றுப் பன்னிரண்டு வீட்டுக் கதவு எங்களுக்குத் திறந்தது. என் மைக்குக்கா திறந்தது? அவர் வாக்குக்குத் திறந்தது!

நான்கு மாதத்துக்கு முன், ஒரு வீட்டார் அப்படி வந்து கேட்டார்கள். எந்த வீடு? சொல்ல மாட்டேன். என்ன பேசியிருந்தார்கள்? அதையும் சொல்ல மாட்டேன். அதை ஒருமுறை கேட்ட எவரும் இரண்டாவது உலைக்குக் கையெழுத்துப் போட முடியாது. இவ்வளவுதான் சொல்லலாம். நாற்பத்தொரு நிமிடம். மூன்று வருட உழைப்பின் முதுகெலும்பே அந்த நாற்பத்தொரு நிமிடம்தான். யாரோ பல வீடுகளுக்குப் போய், வாயைத் திறந்தால் வேலை போகும் என்று மிரட்டியிருக்கிறார்கள்; அந்த வீட்டுக்கும் போயிருக்கிறார்கள். அவர்கள் வந்தார்கள். “எங்களை எடுத்துடுங்க” என்றார்கள்.

அக்கா எடுத்தார். அவர்கள் போன பிறகு நான் கத்தினேன். “இது போனா படமே இல்லக்கா! கொஞ்சம் பேசிப் பாத்திருக்கலாம்ல?”

“பயந்து போய் வந்தவங்ககிட்ட என்ன பேசச் சொல்றே? அவங்க குரல், அவங்க எடுத்துட்டுப் போறாங்க. நீ யாரு, நான் யாரு?” என்றார். பிறகு என் பக்கம் திரும்பினார். எங்கள் தொழிலில் காட்சி கேமராவில் பதியும். சத்தம் தனியாக என் ரெக்கார்டரில் பதியும். “உன்கிட்ட இருக்கறதையும் அழிச்சுட்டியா சத்தம்?” என்று கேட்டார்.

“அழிச்சாச்சுக்கா.”

“எல்லாமே?”

“எல்லாமே.”

அழிக்கவில்லை! அன்பர்களே, நான் அழிக்கவில்லை! அந்தச் சத்தம் பதிந்த மெமரி கார்டு அப்போது என் சட்டைப்பையில் இருந்தது. அக்கா சரிபார்க்கவில்லை. பதினேழு வருடத்தில் என் வேலையை அவர் ஒருமுறைகூடச் சரிபார்த்ததில்லை. என் முன்னாலேயே அந்த வீட்டுக்குப் போன் போட்டு, “சுத்தமா எடுத்தாச்சு. எங்கயும் இல்ல. நிம்மதியா இருங்க” என்றார். பக்கத்தில் நின்று அதையும் கேட்டுக்கொண்டிருந்தேன்.

ஏன் செய்தாய் என்று கேட்பீர்கள். ஒருநாள் அவர்கள் மனம் மாறலாம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். குழந்தைகளுக்காக என்றும் சொல்லிக்கொண்டேன். அதெல்லாம் பாதி. மீதி என்ன தெரியுமா? அது என் உழைப்பு என்ற திமிர். நான் பிடித்த சத்தத்தை நான் ஏன் விடவேண்டும் என்ற திமிர்.

நான்கு மாதம் அக்கா அந்த ஓட்டையை அடைக்கப் பாடுபட்டார். இருக்கும் காட்சிகளை மாற்றி மாற்றி அடுக்கினார். ஒன்றும் நிற்கவில்லை. சாப்பாட்டை மறந்தார், மருந்தை மறந்தார். பன்னிரண்டு நாளைக்கு முன், பகல் மூன்று மணிக்கு, எடிட்டிங் அறை நாற்காலியிலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சரிந்துவிட்டார். ஐம்பத்து மூன்று வயது. நான் டீ வாங்கக் கீழே போயிருந்தேன். திரும்பி வந்தபோது திரையில் படம் ஓடிக்கொண்டிருந்தது, அவர் பார்க்கவில்லை. அவர் தேடிய நாற்பத்தொரு நிமிடம் இரண்டு அடி தூரத்தில் என் கருவிப் பையில் இருந்தது.

ஐந்தாம் நாள் வழக்கறிஞர் அம்மா, சங்கத்தார் இருவர், நான் என்று நான்கு பேர் கூடினோம். வியாழக்கிழமைக்குக் கையில் என்ன இருக்கிறது என்று வழக்கறிஞர் அம்மா கேட்டார். கைக்குட்டைகளைச் சான்றாக ஏற்கமாட்டார்களாம். இரத்தப் பரிசோதனைச் சீட்டைக் காட்டினால், ஈயம் எங்கிருந்து வந்தது என்று அதில் எழுதியிருக்கிறதா என்று கேட்பார்களாம். படம் பாதியில் நிற்கிறது. அந்த நேரத்தில் என் வாய் சும்மா இருக்கவில்லை. “என்கிட்ட ஒண்ணு இருக்கு” என்று சொல்லிவிட்டேன்.

வழக்கறிஞர் அம்மா சொன்னதை அப்படியே சொல்கிறேன், அவர் கோபித்துக்கொள்ள மாட்டார். “செத்துப்போனவங்க குடுத்த வாக்கு, உயிரோட இருக்கற இருபத்தாறு குழந்தைங்களைக் காப்பாத்தாது. குடுத்துடுங்க.” தப்பாகச் சொன்னாரா? இல்லை. நானும் தலையாட்டினேன். கொடுத்துவிடுவது என்றுதான் முடிவும் செய்தேன். அதை மறைத்து என்ன ஆகப்போகிறது?

நான்கு பேர் இருந்த அறையில் பேசியது மறுநாள் குழாயடிக்குப் போய்விட்டது. நேற்று அந்த வீட்டிலிருந்து ஒருவர் எடிட்டிங் அறைக்கு வந்தார். ஆணா, பெண்ணா, மூத்தவரா, இளையவரா? சொல்ல மாட்டேன். வாசலிலேயே நின்றார். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை.

“அண்ணே, அது இன்னும் இருக்காமே?” என்றார். மூன்றாம் வரிசை நண்பர்களே, ‘அண்ணே’ என்பதை வைத்து வயதைக் கணக்குப் போடாதீர்கள். என்னை விட மூத்தவர்களும் இங்கே என்னை அப்படித்தான் கூப்பிடுகிறார்கள்.

என்னை அடித்திருந்தால் வாங்கியிருப்பேன். திட்டியிருந்தால் கேட்டிருப்பேன். அவர் கேட்டது வேறு. “வேலை போனா போகட்டும்ணே. அது கிடக்கட்டும். அக்கா எங்க வீட்ல உக்காந்து சாப்பிட்டவங்க. எடுத்துட்டேன்னு அவங்க வாயால சொன்னாங்க. அக்கா எங்ககிட்ட பொய்யா சொன்னாங்க?”

தோழர்களே! அந்தக் கேள்விக்கு ‘இல்லை’ என்ற ஒரே சொல்லைச் சொல்ல எனக்குத் தைரியம் இல்லை. சொன்னால் அடுத்த கேள்வி என் மேல் வருமே! மேசைமேல் கிடந்த மைக் ஒயரைச் சுருட்ட ஆரம்பித்தேன். அவர் படியிறங்கிப் போய்விட்டார். என் மௌனத்தை ‘ஆமாம்’ என்று எடுத்துக்கொண்டுதான் போயிருப்பார்.

இன்று காலை நாற்காலி போடும்போது தையல்காரம்மா சொன்னார்: “யாரும் வர மாதிரி தெரியல தம்பி. நம்ம வீட்டுதையும் இப்படித்தான் ஒளிச்சு வச்சிருப்பாங்கன்னு பேசிக்கறாங்க. நல்லவங்கன்னு நெனச்சோமே, அவங்களுமான்னு கேக்கறாங்க.” நூற்று ஐம்பத்து நான்கு நாற்காலி காலியாகக் கிடக்கிறது, எண்ணிப் பாருங்கள். அக்கா செத்து இன்னும் இரண்டு வாரம் ஆகவில்லை. என்னால் அவர் பெயரும் செத்துக்கொண்டிருக்கிறது!

ஆகவே இந்த மேடையில், இந்த ஒலிபெருக்கியில், ஆலைக்காரர்களின் போன் ஓடிக்கொண்டிருக்கும்போதே சொல்கிறேன். படக்கார அக்கா எடுத்துவிட்டார். படக்கார அக்கா சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். பொய் சொன்னவன் நான். அந்த வீட்டாரை ஏமாற்றியவன் நான். அக்காவை ஏமாற்றியவனும் நான். அவர் அது தெரியாமலேயே போய்ச் சேர்ந்தார்.

இதுதான் அந்தக் கார்டு. கட்டைவிரல் நகம் அளவுகூட இல்லை. இதற்கு நகல் கிடையாது. நகல் எடுக்கவும் பயமாக இருந்தது எனக்கு. இது என் கருவிப் பையில் இருக்கும், ஒயர் வெட்டும் கட்டிங் பிளேயர்.

வழக்கறிஞர் அம்மா எழுந்துவிட்டார். “அவசரப்படாதீங்க, அது ஒண்ணுதான் இருக்கு நம்மகிட்ட” என்கிறார். தெரியும் அம்மா. எனக்குத் தெரியாதா? இதை உடைத்தால் வியாழக்கிழமை நம் கையில் துரும்புகூட இல்லை. இதை உடைத்து, அந்த உலையும் வந்து, ஒரு குழந்தை துவண்டு விழுந்தால், அந்தத் தாய் என் சட்டையைப் பிடித்து உலுக்குவாள். அப்போது என்ன பதில் சொல்வேன்? தெரியவில்லை. நேற்றிலிருந்து யோசித்துவிட்டேன், தெரியவில்லை. சரியா, தவறா என்று கேட்டால் சத்தியமாகத் தெரியவில்லை. ஆனால் இது என்னுடையது இல்லை அம்மா. ஒரு வீட்டார் வந்து, இதே கூடத்தில் கேட்டு, திரும்பப் பெற்றுக்கொண்டு போன குரல் இது. நான் திருடி வைத்திருந்தேன். திருட்டுப் பொருளை வைத்து அக்காவின் பெயரால் நியாயம் கேட்கச் சொல்கிறீர்களா?

உடைத்துவிட்டேன்.

சத்தம் பின்வரிசை வரைக்கும் கேட்டிருக்காது. துண்டுகளை மேசைமேல் வைக்கிறேன். நான்கு துண்டு. யார் வேண்டுமானாலும் வந்து பார்க்கலாம்.

மூன்றாம் வரிசை நண்பர்களே, இனி எந்த வீடு என்று தேடுவீர்கள். தேடுங்கள். நூற்றுப் பன்னிரண்டு வீட்டில் உட்கார்ந்திருக்கிறோம். எல்லா வீட்டிலும் பேசினார்கள், எல்லா வீட்டிலும் உங்களைப் பற்றித்தான் பேசினார்கள்.

எனக்கு முன் பேசியவர்கள், அக்கா விட்ட பணியைத் தொடர்வோம் என்று உறுதி ஏற்றார்கள். எனக்கு அதைச் சொல்லும் யோக்கியதை இல்லை. ஒரு வேலை மட்டும் செய்யலாம் என்று நினைக்கிறேன், அதற்கு உங்கள் துணை வேண்டும். தையல்காரம்மாவிடம் கதவு எண் எழுதிய சீட்டுகள் இருக்கின்றன. போகும்போது ஆளுக்கு இரண்டு எடுத்துக்கொள்ளுங்கள். நாற்பத்தாறு பேரில் ஆலை நண்பர்கள் இருவரைக் கழித்தால் நாற்பத்து நான்கு. எண்பத்தெட்டு வீடு ஆகிறது. மீதி இருபத்து நான்கு வீடு என்னுடையது. எல்லாக் கதவையும் இன்றைக்கே தட்டியாக வேண்டும். ஒரு வீட்டுக்கு மட்டும் போனால் அது எந்த வீடு என்று தெரிந்துவிடும். ஒரு வீட்டை மட்டும் விட்டாலும் தெரிந்துவிடும்.

கதவு திறந்தால், “அக்கா எடுத்துட்டாங்க. ஏமாத்தினது சத்தக்காரர்” என்று சொல்லுங்கள். அதற்குமேல் ஒரு வார்த்தை வேண்டாம். வியாழக்கிழமை வாருங்கள் என்று மட்டும் தயவுசெய்து கூப்பிட்டுவிடாதீர்கள். கூப்பிட்டால், அதற்குத்தான் வந்தீர்களா என்று முகத்திலடித்தாற்போல் கதவைச் சாத்துவார்கள். அது நியாயம்தான். வருகிறவர்கள் தாமாக வரட்டும். ஒருவருமே வராவிட்டால், வியாழன் பத்து மணிக்கு நான் வெறும் கையோடு போய் அந்தக் கூட்டத்தில் நிற்கிறேன். என்னை யார் கேட்கப்போகிறார்கள்? இரண்டாவது உலை வந்துவிடும். அப்போதும் அக்கா பொய் சொல்லாதவராக இருப்பார். அது போதுமா? போதாது. எனக்கும் போதவில்லை.

ஒரு முழம் பூ வாங்கி வந்திருக்கிறேன். எல்லோரும் அக்கா படத்துக்குப் போட்டுவிட்டீர்கள். என் கை அங்கே போகமாட்டேன் என்கிறது. இருபத்து நான்கு கதவையும் தட்டி, உள்ளே இருப்பவர்கள் சொல்வதை எல்லாம் வாங்கிக்கொண்டு வருகிறேன். கூடத்தைப் பூட்டாதீர்கள், தையல்காரம்மா. வந்து போடுகிறேன்.